பிறர் வாய்க்குத் தமிழ் தந்தவர்: ஆரூர்தாசின் திரையெழுத்துப் பணி

ஓசூரிலிருந்து அத்திப்பள்ளி நோக்கிச் செல்லும் சாலையில், சிறிது தொலைவிற்குள்ளாகவே கடைப் பலகைகளின் எழுத்து தமிழிலிருந்து கன்னடத்திற்கு மாறிவிடுகிறது. வீட்டில் தெலுங்கும், பள்ளியில் தமிழும், சந்தையில் கன்னடமும் பேசி வளர்ந்தோர் இவ்வெல்லைப் பகுதியில் ஏராளம். பாரூர் ஏரியின் பாசனத்தால் வாழும் சிற்றூர்களாயினும், சிப்காட் தொழிற்சாலைகளை நம்பி வாழும் ஓசூர்க் குடியிருப்புகளாயினும், ஒரு மொழியில் எண்ணி மற்றொரு மொழியில் பேசுவது இங்கு அன்றாட நிகழ்ச்சி. ஆதலின், ஒரு மொழி பேசும் வாயில் மற்றொரு மொழியைப் பொருத்தும் கலையைப் பற்றிப் பேசுதற்கு இம்மண் பொருத்தமான இடமே.

தமிழ்த் திரையுலகில் அக்கலையை அரை நூற்றாண்டுக்கு மேலாகக் கையாண்டவர் உரையாடல் ஆசிரியர் ஆரூர்தாஸ் (1931–2022). நேரடிப் படங்களும் மொழிமாற்றுப் படங்களுமாக ஏறத்தாழ 1000 படங்களுக்கு அவர் எழுதினார் என்று அவர் மறைந்தபோது செய்தி இதழ்கள் குறித்தன. இத்துணை மிகுதியாக எழுதிய ஒருவர் தமிழ் இலக்கிய வரலாற்று நூல்களில் ஒரு பத்தி அளவுக்கேனும் இடம்பெறவில்லை. மிகுதியாக எழுதுவோர் ஆழமாக எழுதுவதில்லை என்னும் எண்ணமும், பிறர் கதைக்கு எழுதுவது படைப்பாகாது என்னும் எண்ணமும் இதற்குக் காரணங்கள் எனலாம். இவ்விரு எண்ணங்களும் எவ்வளவு தூரம் சரியானவை என்பதை அவருடைய பணியின் வழியே ஆராய்வது தகும்.

ஆரூரும் தாசும்

நாகப்பட்டினத்தில் 1931ஆம் ஆண்டு பிறந்த அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் யேசுதாஸ். வளர்ந்த ஊராகிய திருவாரூரின் பெயரை முன்னே சேர்த்துக்கொண்டு ஆரூர்தாஸ் ஆனார். கிறித்தவப் பெயரின் ஈற்றுப் பகுதியும் தேவாரம் பாடிய ஊரின் பெயரும் ஒன்றாய் இணைந்த அப்புனைபெயரே, இரு மரபுகளை ஒன்றில் ஒன்று பொருத்தும் அவருடைய பிற்காலத் தொழிலுக்கு முன்னறிவிப்புப் போல அமைந்துவிட்டது.

1950களில் சென்னைக்கு வந்த அவருக்கு வாய்த்த ஆசிரியர் தஞ்சை இராமையாதாஸ். 'பாதாள பைரவி' (1951), 'மிஸ்ஸியம்மா' (1955), 'மாயாபஜார்' (1957) முதலிய விஜயா நிறுவனப் படங்களின் தமிழ் வடிவங்களுக்குப் பாட்டும் உரையாடலும் எழுதியவர் அவர். தெலுங்கும் தமிழும் ஒரே கூடத்தில், ஒரே காட்சியமைப்பில், அடுத்தடுத்துப் படமாக்கப்பட்ட காலம் அது. தெலுங்குப் பேச்சின் ஓட்டத்தைக் கேட்டு அதற்கு ஒத்த தமிழைத் தேடும் பயிற்சியை ஆரூர்தாஸ் தம் இருபதுகளிலேயே இவரிடம் பெற்றார். மொழிமாற்றுப் படங்களே அவருடைய முதற் பள்ளி என்பது ஈண்டு நினைவிற்கொள்ளத்தக்கது.

மொழிமாற்று முறையேகூட நம் எல்லைக்கு அப்பாலிருந்து தொடங்கியதுதான். ஏ.வி. மெய்யப்பன் 1943இல் கன்னடத்தில் வெளியிட்ட அரிச்சந்திரன் கதைப் படத்திற்கு 1944இல் தமிழ்க் குரல் சேர்த்து வெளியிட்டார். இந்தியாவின் முதல் மொழிமாற்றுப் படம் என்று திரை வரலாற்றாசிரியர் அதனைக் குறிப்பர். கன்னடம் பேசிய உதடுகளே முதன்முதலில் தமிழ்க் குரலை ஏற்றன என்பது எல்லைப் பகுதி மக்களுக்கு மகிழ்ச்சி தரும் செய்தி.

அடுக்குமொழியிலிருந்து இல்லத்து மொழிக்கு

ஆரூர்தாஸ் நேரடிப் படங்களுக்கு எழுத வந்தபோது, தமிழ்த் திரை உரையாடல் இரு கட்டங்களைக் கடந்திருந்தது. மணிக்கொடிக் காலத்து எழுத்தாளரான இளங்கோவன் 'அம்பிகாபதி' (1937), 'கண்ணகி' (1942) ஆகியவற்றின் வாயிலாகச் செந்தமிழ் உரைநடையைத் திரைக்குக் கொணர்ந்தார். மு. கருணாநிதியின் 'பராசக்தி' (1952) அவ்வுரைநடையை மேடைப் பேச்சின் வேகத்தோடும் சமூகச் சினத்தோடும் இணைத்தது. எதுகை மோனை அமைந்த நீண்ட உரையாடலை மக்கள் மனப்பாடம் செய்த காலம் அது. 1959இல் ஸ்ரீதரின் 'கல்யாண பரிசு' வந்தபோது, தாழ்ந்த குரலில் பேசும் மாந்தரையும் மக்கள் ஏற்றுக்கொள்வர் என்பது தெரிந்தது.

அதே 1959இல்தான் தேவர் பிலிம்ஸின் 'வாழவைத்த தெய்வம்' வாயிலாக ஆரூர்தாஸ் நேரடிப் பட உரையாடல் ஆசிரியர் ஆனார். அதில் நடித்த ஜெமினி கணேசனின் பரிந்துரை, ஏ. பீம்சிங் இயக்கிய 'பாசமலர்' (1961) படத்திற்கு அவரைக் கொண்டு சேர்த்தது. கொட்டாரக்கராவின் கதை, பீம்சிங்கின் திரைக்கதை, சிவாஜி கணேசனும் சாவித்திரியும் அண்ணன் தங்கையர். முப்பது வயதைத் தொடாத ஓர் இளைஞர் இவ்வளவு பேருக்கு நடுவில் என்ன செய்துவிட முடியும் என்று கேட்கத் தோன்றும். அவர் செய்தது அளவறிதல்.

'பாசமலர்' இன்று கண்ணீர்ப் படமாகவே நினைக்கப்படுகிறது. ஆயினும் அதன் நடுப்பகுதி ஒரு தொழிற்சாலைக் கதை. வேலையிழந்த தொழிலாளி ஒருவன், தங்கை பொம்மை செய்து சேர்த்த சிறு பொருளை முதலாக வைத்து முதலாளி ஆகிறான். அவனிடம் வேலைக்கு வந்த பழைய நண்பன் தொழிலாளர் பக்கம் நிற்கிறான். முதலாளியும் தொழிலாளர் தலைவனும் நேருக்கு நேர் மோதும் இடத்தில் இருவருக்கும் சம வலிமையான சொற்களைத் தந்தார் ஆரூர்தாஸ். ஒருவர் பேச்சு மற்றவர் பேச்சைக் கொக்கியிட்டு இழுத்துச் செல்கிறது. எவரும் மேடையேறிப் பொழியவில்லை. ஆலைச் சங்கொலியில் பொழுது விடியும் ஊர்களில் வாழ்வோர், இன்று அக்காட்சியைக் காணினும் அதன் நடுநிலையை உணர்வர். இறுதிக் காட்சியிலோ, சொல் குறைந்து குரலே மிகுகிறது. நடிகர் திலகத்தின் மூச்சு எவ்விடத்தில் உடையும் என்று அறிந்து, அவ்விடத்தில் தொடரை முடித்திருப்பதே எழுத்தாளரின் திறம்.

இரு நடிகர், இரு யாப்பு

எம்.ஜி.ஆர். படங்கள் 21, சிவாஜி படங்கள் 28 என ஆரூர்தாசின் கணக்கைச் சொல்வர். இருவருக்கும் ஒரே காலத்தில் எழுதியவர் என்பதை விட, இருவருக்கும் வெவ்வேறு வகையாக எழுதியவர் என்பதே கருதத்தக்கது.

தேவர் பிலிம்ஸின் 'தாய் சொல்லைத் தட்டாதே' (1961), 'தாயைக் காத்த தனயன்' (1962), 'வேட்டைக்காரன்' (1964) முதலிய படங்களில் எம்.ஜி.ஆர். பேசும் தொடர்கள் குறுகியவை. வினா ஒன்று, விடை ஒன்று, அதனோடு ஓர் அறவுரை. குறள் வெண்பாவின் முதலடியும் ஈற்றடியும் போல அவை முடியும். சிவாஜிக்கு எழுதிய தொடர்களோ ஆசிரியப்பாவைப் போல நீண்டு, இடையில் தயங்கி, எதிர்பாராத இடத்தில் இறங்குபவை.

1964ஆம் ஆண்டை மட்டும் எடுத்துக்கொண்டு பார்க்கலாம். 'வேட்டைக்காரன்', 'தொழிலாளி' என எம்.ஜி.ஆருக்கு இரண்டு படங்கள். சிவாஜிக்குப் 'புதிய பறவை'. முதலிரண்டில் ஐயத்திற்கு இடமில்லாத நல்லவன் பேசுகிறான். மூன்றாவதில், தான் மறைக்கும் உண்மை தன் சொற்களின் வழியே கசிந்துவிடுமோ என்று அஞ்சுகின்ற செல்வன் பேசுகிறான். முதன்முறை பார்ப்போர்க்கு இயல்பாகவும், முடிவு தெரிந்தபின் பார்ப்போர்க்கு ஐயத்திற்குரியதாகவும் ஒலிக்கும்படி அவ்வுரையாடல் அமைந்துள்ளது. ஓராண்டில் இவ்விரு வகையையும் எழுதியவரை எண்ணிக்கைக்காரர் என்று ஒதுக்கிவிட இயலாது.

'புதிய பறவை'யின் கதை இங்கிலாந்துப் படம் ஒன்றிலிருந்து வங்கத்திற்குச் சென்று, வங்கத்திலிருந்து தமிழுக்கு வந்தது. 'அன்பே வா' (1966) ஓர் அமெரிக்கப் படத்தின் சாயலில் பிறந்தது. 'தெய்வ மகன்' (1969) வங்க எழுத்தாளர் நிகார் ரஞ்சன் குப்தாவின் கதையை அடிப்படையாகக் கொண்டது. ஆஸ்கர் போட்டிக்கு இந்தியா அனுப்பிய படமும் அதுவே. ஆரூர்தாசின் புகழ்பெற்ற படங்கள் பலவும் இரவல் கதைகளே என்பது குறையாகச் சொல்லப்படுவதுண்டு. இராமகாதையும் இரவல் கதைதான். கதை எங்கிருந்து வந்தது என்பதைக் காட்டிலும், எந்த மண்ணின் பேச்சில் அது வாழ்ந்தது என்பதே நம் மரபு கேட்ட கேள்வி.

இதழ் இயையும் இடம்

மொழிமாற்றுப் படத்திற்கு எழுதும் முறை கவிஞர்கள் அறிந்துகொள்ள வேண்டிய ஒன்று. கணிப்பொறி வருமுன், படச்சுருளைச் சிறுசிறு துண்டுகளாக வெட்டி, ஒவ்வொரு துண்டையும் வளையமாக ஒட்டி, மீண்டும் மீண்டும் ஓடவிடுவர். எழுத்தாளர் திரையிலுள்ள வாயை நோக்கியபடி அமர்ந்திருப்பார். எவ்விடத்தில் வாய் திறக்கிறது, எவ்விடத்தில் உதடு குவிகிறது, எவ்விடத்தில் இரு உதடும் ஒட்டுகின்றன என்று குறித்துக்கொண்டு, அக்குறிப்பிற்கு இசையும் தமிழ்த் தொடரை அமைப்பார். பின்னர்க் குரல் கலைஞர் அதனை அதே வளையத்தைப் பார்த்துப் பேசுவார்.

தொல்காப்பியப் பிறப்பியல் படித்தோர்க்கு இது புதிதன்று. பகரமும் மகரமும் இரு இதழும் பொருந்தப் பிறக்கும்; வகரம் பல்லும் இதழும் பொருந்தப் பிறக்கும்; உ, ஊ, ஒ, ஓ, ஔ என்னும் ஐந்தும் இதழ் குவியப் பிறக்கும்; அகர ஆகாரங்கள் வாய் திறக்கும் அளவில் பிறக்கும் என்று தொல்காப்பியர் வகுத்தார். வகுப்பறையில் மனப்பாடமாகும் இவ்விலக்கணம், ஒலிப்பதிவுக் கூடத்தில் அன்றாடக் கருவியாகிறது.

ஓர் எடுத்துக்காட்டு காணலாம். தெலுங்குப் படத்தில் மகன் தந்தையை 'நான்னா' என்று அழைக்கிறான். அச்சொல்லில் உதடுகள் ஒட்டுவதில்லை. தமிழில் 'அப்பா' என்றால் நடுவில் உதடுகள் ஒட்டியாக வேண்டும். அண்மைக் காட்சியில் முகம் திரையை நிறைத்திருக்கும்போது, திறந்த வாயிலிருந்து 'அப்பா' என்னும் ஒலி வருமானால் பார்வையாளர்க்கு ஏதோ பொய் என்று பட்டுவிடும். கன்னடத்திலோ 'அப்பா' என்பதே சொல். அங்கு இடர்ப்பாடு இல்லை. 'அம்மா' மூன்று மொழிகளுக்கும் பொது. ஆக, தாயை அழைப்பதற்கு எல்லையில்லை. தந்தையை அழைப்பதற்கே எல்லை குறுக்கிடுகிறது! கிருஷ்ணகிரி வட்டாரத் தெலுங்குக் குடும்பங்களில் தமிழ் பேசும்போதும் 'நைனா' என்றே தந்தையை அழைப்போர் உளர். அச்சொல் அவ்வாயில் பழுதின்றிப் பொருந்தும். எல்லை மக்கள் நாவால் கண்டடைந்த விடையை உரையாடல் ஆசிரியர் கண்ணால் தேட வேண்டியிருக்கிறது.

மற்றொன்று. தெலுங்கில் காதலைச் சொல்லும் வினை 'ப்ரேமிஸ்துன்னானு'. அதன் தொடக்கத்திலேயே இருமுறை உதடு ஒட்டுகிறது. தமிழின் 'காதலிக்கிறேன்' என்பதில் ஒருமுறையும் ஒட்டுவதில்லை. 'பிரியமாயிருக்கிறேன்' என்றால் பகரமும் மகரமும் அமைந்துவிடும். ஆனால் அசைகள் மிகுந்து, நடிகையின் வாய் மூடிய பின்னும் குரல் நீளும். 'விரும்புகிறேன்' என்றால் நீளம் ஓரளவு சரியாகும். உதடு ஒருமுறை தவறும். உதடு பொருந்தினால் காலம் மீறும். காலம் பொருந்தினால் உதடு மீறும். இரண்டும் பொருந்தினால் பொருளில் உயிர் இருக்காது. மூன்றையும் ஓரளவேனும் இணங்கச் செய்யும் சொல்லை அந்த நொடியில் கண்டுபிடிப்பதே இத்தொழில். தெலுங்கும் கன்னடமும் தமிழைப் போலவே வினையை இறுதியில் வைக்கும் மொழிகள் என்பது ஒன்றே எழுதுவோர்க்குக் கிடைக்கும் ஆறுதல்.

நம் புலவர் மரபில் இதற்கு நேர்மாறான ஒரு விளையாட்டு உண்டு. உதடு ஒட்டாமலும் குவியாமலும் பாடும் நிரோட்டகம் அது. பதினேழாம் நூற்றாண்டில் துறைமங்கலம் சிவப்பிரகாசர் திருச்செந்தில் நிரோட்டக யமக அந்தாதியைப் பாடினார். அந்நூலைச் சொல்லணியின் உச்சி என்று போற்றுகிறோம். உதட்டெழுத்தை முற்றும் விலக்கிப் பாடுவது அருமை என்றால், வேறொருவர் வேறொரு மொழியில் உதட்டெழுத்தை இட்ட இடத்திலேயே தாமும் இட்டு, அதனைத் தெருவில் பேசும் தமிழாகவும் ஆக்குவது எத்துணை அருமை! சிவப்பிரகாசர் தம் கட்டுப்பாட்டைத் தாமே தேர்ந்துகொண்டார். ஆரூர்தாசுக்கும் அவரைப் போன்றோர்க்கும் கட்டுப்பாடு, முகமறியாத நடிகரின் உதட்டிலிருந்து வந்தது.

அச்சேறிய திரைக்கதையும் அச்சேறாததும்

இத்தகைய எழுத்தை வேற்று நாட்டார் எவ்வாறு பேணினர் என்று நோக்குதல் நலம். ஜப்பானில் திரைக்கதை, படிப்பதற்குரிய இலக்கியமாகவும் கருதப்பட்டது. 'கினேமா ஜும்போ' போன்ற திரைப்பட இதழ்கள் திரைக்கதைகளை அச்சிட்டன. ஷினோபு ஹஷிமோட்டோ (1918–2018) என்பார் படையில் சேர்ந்த நிலையில் காசநோயுற்று, படைவீரர் நலவிடுதியில் நான்காண்டுகள் கிடந்தார். உடனிருந்த நோயாளி ஒருவர் படிக்கக் கொடுத்த திரைப்பட இதழில் ஒரு திரைக்கதையைக் கண்டே அவருக்கு எழுதும் ஆசை பிறந்தது. பின்னாளில் அகிரா குரோசாவாவோடு இணைந்து 'ராஷோமோன்' (1950), 'ஏழு சாமுராய்' (1954) ஆகிய படங்களை எழுதியவர் அவர். நூறாண்டு வாழ்ந்த கனேட்டோ ஷிண்டோ (1912–2012) 200க்கும் மேற்பட்ட திரைக்கதைகளை எழுதினார். அவர் மிகுதியாக எழுதியது அந்நாட்டாருக்குக் குறையாகத் தோன்றவில்லை.

தமிழில் 'பராசக்தி', 'மனோகரா' போன்ற சில படங்களின் உரையாடல்கள் நூல்களாக வந்து பரவலாகப் படிக்கப்பட்டன. மொழிமாற்றுப் படத்தின் உரையாடலுக்கு அத்தகு வாழ்வு வாய்ப்பதில்லை. ஒலிப்பதிவு முடிந்ததும் அத்தாள்களின் பயன் முடிந்துவிடுகிறது. தெலுங்குத் தொடர் ஒருபுறமும் தமிழ்த் தொடர் மறுபுறமுமாக அவை பேணப்பட்டிருந்தால், இரு மொழிகளின் ஒலியுறவை ஆராய்வோர்க்கு அதனினும் சிறந்த சான்று வேறில்லை. எழுதியவரையே மறந்த சமூகம் தாளைத் தேடுமா?

'விதி' என்னும் ஒலிநாடா

ஆரூர்தாசின் எழுத்து முழுவதும் போற்றத்தக்கது என்று சொல்வதும் நேர்மையாகாது. ஆயிரம் படங்களில் வாய்பாடாக எழுதப்பட்டவை மிகப் பல. அவர் எழுதிய பெண்கள் நெடுங்காலம் அழுவதற்கென்றே படைக்கப்பட்டவர்கள். தியாகமே அவர்தம் பேச்சின் இலக்கணம். 'பாசமலர்' தங்கையும் அதற்கு விலக்கல்லள். திரையுலகின் விருப்பம் அது என்று சொல்லி எழுத்தாளரை முற்றும் விடுவித்துவிட இயலாது. 1967இல் 'பெண் என்றால் பெண்' என்னும் படத்தை அவரே இயக்கினார். இயக்கத்தில் அவர் தொடரவில்லை, எழுத்துக்கே திரும்பினார்.

அவ்வகையில் 1984ஆம் ஆண்டு ஒரு திருப்பம். கே. விஜயன் இயக்கிய 'விதி', 'நியாயம் காவாலி' (1981) என்னும் தெலுங்குப் படத்தின் மறுவாக்கம். காதலித்துக் கைவிட்டவனை ஒரு பெண் நீதிமன்றத்தில் நிறுத்துகிறாள். அவளுக்காக வாதாடும் பெண் வழக்கறிஞரும் ஒருகாலத்தில் அவ்வாறே கைவிடப்பட்டவர். அழுவதற்குப் பழகிய திரைப்பெண், இங்கு வினாத் தொடுக்கிறாள், சான்று காட்டுகிறாள், குறுக்கு விசாரணையை எதிர்கொள்கிறாள். 'பாசமலர்' முதலாளி தொழிலாளி காட்சியில் கண்ட அதே சம வலிமை, இருபத்து மூன்று ஆண்டுகளுக்குப் பின் பெண்ணுக்கும் ஆணுக்கும் இடையே வந்து சேர்ந்தது.

'விதி'யின் உரையாடல் ஒலிநாடாவாக விற்பனைக்கு வந்து, தேநீர்க் கடைகளிலும் திருமண வீடுகளிலும் ஊரெங்கும் ஒலித்தது. படம் பாராதவரும் வாதப் பிரதிவாதங்களை மனப்பாடமாகச் சொன்னார்கள். பிறர் உதடுகளுக்கு எழுதியே வாழ்ந்த ஒருவரின் சொற்கள், உதடே தெரியாமல், குரலாக மட்டும் மக்களிடம் சென்று நின்றன. வாயசைப்பின் துணையின்றியும் அவை நின்றன என்பதே அவ்வெழுத்துக்குக் கிடைத்த தேர்ச்சிச் சான்று.

நிறைவாக

2014இல் வெளிவந்த 'ஜெகஜால புஜபல தெனாலிராமன்' வரை ஆரூர்தாஸ் எழுதினார். தமிழ்நாட்டு அரசு 'கலைஞர் நினைவு கலைத்துறை வித்தகர்' விருதையும் 10 இலட்சம் ரூபாயையும் 2022 ஜூன் 3ஆம் நாள் அவருக்கு வழங்கியது, முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் அவர் இல்லத்திற்கே சென்று அதனை அளித்தார். அதே ஆண்டு நவம்பர் 20ஆம் நாள் தம் 91ஆம் அகவையில் அவர் மறைந்தார். அரசு தன் கடனை ஆற்றியது. இலக்கிய உலகின் கடன் இன்னும் நிலுவையில் உள்ளது.

யாப்பின் கட்டுக்குள் நின்று பாடியதற்காகப் புலவரைப் போற்றும் மரபு நம்முடையது. உதட்டின் கட்டுக்குள் நின்று எழுதியவரையும் அம்மரபு ஏற்றுக்கொள்ள வேண்டும். அதனைத் தொடங்கிவைக்கும் தகுதி, மூன்று மொழிகளைச் செவியால் பிரித்தறியும் எல்லைப்புறத்து இலக்கிய வட்டங்களுக்கு மற்றவரினும் மிகுதியாக உண்டு. மொழிமாற்றுப் படம் ஒன்றை இனிப் பார்க்க நேரும்போது, நடிகரின் முகத்தினின்றும் கண்ணைச் சிறிது இறக்கி, இதழ் இயையும் இடத்தை நோக்குவோமாக. அங்கே பகரமோ மகரமோ பிசகாமல் வந்து விழுமானால், அது பெயர் தெரியாத ஒரு தமிழ் எழுத்தாளரின் ஓர் இரவு உழைப்பு.